நூற்றொரு எருமைகளும் ஒரு காதலும்

2023 ஜூலை மாதக் கடைசியில் குஜராத் முதல் மந்திரி மெஹசானாவில் ஒரு கூட்டத்தில் பேசினார். படேல் சமூகத்து அமைப்பு ஒன்று கூட்டிய கூட்டம் அது. காதல் கலியாணம் செய்து கொள்வோர் தாய் தகப்பனின் சம்மதத்தைக் காட்டியாக வேண்டும் என்று விதி செய்ய முடியுமா, அரசியல் சட்டம் அதற்கு இடம் கொடுக்குமா என்று ஆராயப் போவதாக அங்கே அவர் அறிவித்தார்.

நாம் கேட்கிறோம்: பதினெட்டு வயது நிரம்பிய பெண் ஓட்டுப் போடலாம், மந்திரியைத் தேர்ந்தெடுக்கலாம். தனக்கு ஒரு மாப்பிள்ளையைத் தேர்ந்தெடுக்க மட்டும் அவளுக்கு அறிவு போதாதா?

சட்ட நுணுக்கத்தை வக்கீல்கள் பார்த்துக் கொள்ளட்டும். அந்தச் செய்தியைப் படித்தவுடன் நம் மனம் வேறு பக்கம் போயிற்று. இந்தச் 'சம்மத' விவகாரம் குஜராத்தி ஜனங்களுக்குப் புதிதல்ல. மந்தையிலும் கிணற்றடியிலும், கூத்து மேடையிலும், பின்னால் நாவலிலும் சினிமாவிலும் அவர்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வரும் எத்தனையோ கதைகளுக்கு இதுதான் கரு. காந்தி பிறந்த பூமி, வியாபாரிகளின் நாடு என்று மட்டுமே குஜராத்தை அறிந்தவர்கள் இந்தக் கதைகளைக் கேட்க வேண்டும். அங்கேயும் உழுகிறவன் இருக்கிறான், மாடு மேய்க்கிறவன் இருக்கிறான். ஆமதாபாத்தில் வரிசை வரிசையாக ஆலைச் சங்கு ஊதிய காலத்தில் நூல் நூற்றவனும் தறி ஓட்டியவனும் இருந்தார்கள். அவர்களுடைய வீட்டுக் கலியாணங்களை யார் பேசி முடித்தார்கள், யார் பணம் கட்டினார்கள், யார் அழுதார்கள் என்பதெல்லாம் இந்தக் கதைகளில் எழுதப்பட்டிருக்கிறது.

ஒரு கதையிலிருந்து தொடங்குவோம்.

சௌராஷ்டிரத்தில் சாரண் குலத்தில் விஜாணந்த் என்று ஒரு வாலிபன். அவன் சொத்தெல்லாம் ஒரு ஜந்தர் வாத்தியம்; அவ்வளவுதான். அதை அவன் மீட்டினால் கேட்டவர்கள் எழுந்து போக மாட்டார்கள். ஷேணீ என்ற பெண் அந்த இசையில் மனதைப் பறிகொடுத்தாள். அவள் தகப்பனார் மந்தைக்காரர், வசதியுள்ளவர். பெண் கேட்டபோது அவர் 'இல்லை' என்று சொல்லவில்லை. விலை சொன்னார். உடம்பில் ஒன்பது இடத்தில் வெள்ளை அடையாளம் உள்ள எருமைக்கு அங்கே நவசந்திரி என்று பெயர். அப்படிப்பட்ட எருமைகள் நூற்றொன்று கொண்டு வா, ஒரு வருஷம் தவணை, தவணை தப்பினால் பெண் இல்லை என்றார்.

விஜாணந்த் ஊர் ஊராக அலைந்தான். ஜந்தரை மீட்டி மீட்டி எருமை சேர்த்தான். மந்தையை ஓட்டிக் கொண்டு அவன் திரும்பியபோது தவணை கடந்து விட்டது. ஷேணீ காத்திருந்து பார்த்து விட்டு, இமயமலைப் பனியில் உயிரை விடுவதென்று வடக்கே நடந்து விட்டாள். அவன் தேடிப் போய்ச் சேர்ந்தபோது அவள் உடம்பில் பாதி உறைந்திருந்தது. கடைசியாக ஒருமுறை ஜந்தரை வாசி என்றுதான் அவள் கேட்டாளாம்.

கண் கலங்காமல் இதைக் கேட்பது கஷ்டந்தான். ஆனால் கண்ணைத் துடைத்துக் கொண்டு கணக்கையும் பார்ப்போம். ஒரு எருமை வைத்திருப்பவன் பிழைக்கிறவன். பத்து எருமை வைத்திருப்பவன் பெரிய ஆள். நூற்றொரு நவசந்திரி எருமை என்பது ஒரு ஏழையின் ஆயுளில் நடக்கிற காரியமா? 'மாட்டேன்' என்பதை எருமைக் கணக்கில் சொன்னார் அந்தத் தகப்பனார். அதிலும் தவணை வேறு! லேவாதேவிக்காரனின் பத்திரத்துக்கும் இந்தக் கலியாணப் பேச்சுக்கும் என்ன வித்தியாசம் என்று நமக்குப் புரியவில்லை. அவரைக் கொடியவர் என்று திட்டி விட்டுப் போவதும் சரியல்ல. மேய்ச்சல் நாட்டில் மாடுதான் சொத்து. சொத்துள்ள இடத்தில் பெண்ணைக் கொடுத்தால்தான் அவள் வயிறு காயாது என்று அவர் நினைத்திருக்கலாம். அவர் காலத்து உலகம் அவருக்கு அப்படித்தான் கணக்குச் சொல்லிக் கொடுத்திருந்தது.

இந்தக் கதையை நமக்குக் காப்பாற்றிக் கொடுத்தவர் ஜவேர்சந்த் மேகாணி. 1896-ல் பிறந்து 1947-ல் மறைந்தவர். 1930-ல் உப்புச் சத்தியாக்கிரகக் காலத்தில் சிறை சென்றவர். ஊர் ஊராகச் சுற்றி, மாடு மேய்ப்பவர்கள், பாணர்கள், குடியானவப் பெண்கள் வாயிலிருந்து கேட்டு எழுதி, 'சௌராஷ்டிரனீ ரஸ்தார்' என்று 1923 முதல் 1927 வரை ஐந்து பாகங்கள் வெளியிட்டார். பெண்கள் வட்டமிட்டு ஆடிப் பாடும் பாட்டுக்களையும் தனியாகத் தொகுத்தார். தண்ணீருக்கு வெகு தூரம் நடக்க வேண்டிய ஊரில் வாழ்க்கைப்பட்டவளின் முறையீடு, மாமியார் வீட்டு வேலைச் சுமை, தாய் வீட்டிலிருந்து அண்ணன் எப்போது வருவான் என்ற ஏக்கம் எல்லாம் அந்த மாதிரிப் பாட்டுக்களில் உண்டு. மேடையில் பேச விடாத பெண்கள் ஆட்டத்தில் பேசினார்கள்.

பூச்செண்டுக்கு வாழ்க்கைப்பட்ட பெண்கள்

கதையை விட விசித்திரமாக இருந்தது நிஜம். கட்வா படேல்கள் என்ற குடியானவ சமூகத்தாரிடையே முன்னாளில் ஒரு வழக்கம் இருந்தது. உஞ்சா என்ற ஊரில் உமியா மாதா கோவில். அங்கே நாள் குறித்துச் சொல்வார்கள். சுமார் பத்து ஆண்டுகளுக்கு ஒருமுறைதான் முகூர்த்தம்! அந்த நாளை விட்டால் இன்னும் பத்து ஆண்டு காத்திருக்க வேண்டும். ஆகவே தொட்டில் குழந்தைக்குக் கலியாணம், கைக்குழந்தைக்குக் கலியாணம், வயிற்றில் இருக்கும் குழந்தைக்காகக் கர்ப்பிணிகள் சடங்கு செய்து கொண்டதாகவும் பதிவு செய்திருக்கிறார்கள். மாப்பிள்ளை அகப்படாத பெண்ணுக்கு என்ன வழி? ஒரு பூச்செண்டுக்கு அவளைக் கட்டி வைப்பார்கள். சடங்கு முடிந்ததும் அந்தப் பூச்செண்டைக் கிணற்றில் போட்டு விடுவார்கள். மாப்பிள்ளை இறந்து விட்டான்! இனி அவள் விதவை. விதவைக்கு 'நாத்ரா' என்ற எளிய மறுமணம் அந்தச் சமூகத்தில் உண்டு. நாத்ராவுக்குச் செலவு குறைவு.

தோழர்களே, இதைப் படித்துச் சிரிப்பு வருகிறதா? சிரிப்பதற்கு முன் அந்தக் கடைசி வாக்கியத்தை மறுபடியும் பாருங்கள். முதல் கலியாணத்துக்கு ஊர்ச் சாப்பாடு, சீர், வரிசை என்று நிலத்தை அடகு வைக்கிற செலவு. அந்தச் செலவைத் தாங்க முடியாத குடியானவன் சாஸ்திரத்தை மீறவும் துணிவில்லாமல், சாஸ்திரத்துக்குள்ளேயே ஒரு பொந்தைக் கண்டுபிடித்திருக்கிறான். பூச்செண்டை ஏமாளியாக்கித் தன் காணி நிலத்தைக் காப்பாற்றிக் கொண்டான். பரோடா சமஸ்தானத்தில் சயாஜிராவ் கெய்க்வாட் 1904-ல் குழந்தைக் கலியாணத்தைத் தடுக்கச் சட்டம் கொண்டு வந்தார். பிரிட்டிஷ் இந்தியாவில் சார்தா சட்டம் வந்ததே 1929-ல்தான். ஆனால் சட்டம் வந்த மறுநாளே வழக்கம் மாய்ந்து விடவில்லை. வழக்கத்தின் வேர் நிலத்திலும் கடனிலும் இருந்தது.

இந்தக் கூத்தையெல்லாம் ஜனங்கள் பார்த்துக் கொண்டு சும்மா இருந்தார்களா? இல்லை. குஜராத்தின் தெருக்கூத்துக்கு 'பவாயி' என்று பெயர். பதினான்காம் நூற்றாண்டில் அஸாயித் டாக்கர் என்ற பிராமணர் அதை ஆரம்பித்ததாகச் சொல்வார்கள். குடியானவர் ஒருவருடைய பெண்ணை ஒரு படைத் தலைவன் தூக்கிக் கொண்டு போய் விட்டான். 'அவள் என் மகள்' என்று சொல்லி அஸாயித் மீட்கப் போனார். 'மகளென்றால் அவளோடு ஒரே தட்டில் சாப்பிடு' என்றான் அவன். அஸாயித் சாப்பிட்டார், பெண்ணை மீட்டார். சொந்த ஜாதிக்காரர்கள் அவரைத் தள்ளி வைத்தார்கள். பிழைக்கக் கூத்துக் கட்டினார் என்பது வரலாறாக வழங்கும் கதை. பிறந்ததே ஜாதியை மீறிப் பிறந்த கலை அது! அந்தப் பவாயியில் 'கஜோடா' என்று ஒரு வேஷம் உண்டு. கஜோடா என்றால் பொருந்தா ஜோடி. வளர்ந்த பெண்ணுக்குப் பொடியன் புருஷன். பார்க்கிறவர்கள் வயிறு குலுங்கச் சிரிப்பார்கள். சிரிக்கிறவர்களில் எத்தனையோ பேர் வீட்டிலேயே அந்த ஜோடி இருந்திருக்கும்.

மண் வெட்டும் தொழிலாளியைப் பற்றிய பவாயியும் உண்டு. அது 'ஜஸ்மா ஓடண்'. ஓட் என்பவர்கள் குளம் வெட்டிப் பிழைக்கும் சமூகம். பாட்டண் நகரில் சித்தராஜ் ஜயசிங் என்ற சோலங்கி அரசன் சஹஸ்ரலிங்கக் குளத்தை வெட்டினான் என்று சரித்திரம் எழுதுகிறது. அவன் எங்கே வெட்டினான்? ஓட்கள் வெட்டினார்கள். மண் சுமந்த பெண்களில் ஜஸ்மா மீது அரசன் கண் விழுந்தது. அரண்மனைக்கு வா என்றான். கூடை சுமக்கும் தன் புருஷனை விட்டு வர மாட்டேன் என்றாள் அவள். அரசன் அவள் கணவனையும் கூட்டத்தாரையும் கொன்றான். ஜஸ்மா நெருப்பில் பாய்ந்தாள். குளத்தில் தண்ணீர் நிற்காது என்று சாபமிட்டாள். நெருப்பில் பாய்வதைப் புகழ்வதற்கு நாம் தயாரில்லை. அது பழைய காலத்து மயக்கம். ஆனால் ராஜாவின் மாளிகையை விடக் கூலிக்காரப் புருஷனின் அன்பு மேல் என்று ஒரு கூலிக்காரி நேருக்கு நேர் சொன்னாளே, அதைத்தான் ஓட்கள் இத்தனை நூற்றாண்டும் மறக்காமல் வைத்திருக்கிறார்கள். 1968-ல் ஷாந்தா காந்தி இந்தக் கதையை டில்லியில் புது நாடகமாக மேடையேற்றினார்.

படித்தவர்கள் என்ன எழுதினார்கள்?

பத்தொன்பதாம் நூற்றாண்டில் அச்சு வந்தது, பள்ளிக்கூடம் வந்தது. ரண்சோட்பாய் உதயராம் என்பவர் 1866-ல் 'லலிதா துக்க தர்சக்' என்ற நாடகத்தை எழுதினார். படித்த நல்ல பெண்ணைத் தறுதலைக்குக் கட்டி வைத்து அவள் செத்துப் போகும் கதை. பொல்லாத புருஷனுக்கு அந்த நாடகத்துப் பாத்திரத்தின் பெயரே வசைச் சொல்லாயிற்று என்றால் ஜனங்கள் எப்படிப் பார்த்திருக்க வேண்டும்! கவி நர்மத் விதவா விவாகத்தைப் பற்றி எழுதியதோடு நிற்காமல், 1869-ல் தாமே ஒரு விதவையை மணந்து கொண்டார். எழுத்தும் செய்கையும் ஒன்றாக இருந்த மனிதர்.

ஆனால் அடுத்து வந்த மகா பெரிய நாவல் என்ன செய்தது? கோவர்தன்ராம் திரிபாதியின் 'சரஸ்வதிசந்திரா' 1887-லிருந்து 1901 வரை நான்கு பாகங்களாக வந்தது. பணக்கார வீட்டுப் பிள்ளை சரஸ்வதிசந்திரனுக்கும் மந்திரி வீட்டுப் பெண் குமுதத்துக்கும் நிச்சயம் ஆகிறது. பெரியவர்கள் நிச்சயித்தது, கடிதங்களால் காதலாக வளர்ந்தது. பையன் தகப்பனாரோடு மனஸ்தாபப்பட்டு, வீட்டையும் பெண்ணையும் விட்டுத் துறவி போல் கிளம்பி விடுகிறான். அவனுடைய தியாகத்துக்கு விலை கொடுத்தவள் யார்? குமுதம். அவளை அவசரமாக ஒரு துன்மார்க்கனுக்குக் கட்டி வைக்கிறார்கள். அவன் சாகிறான், அவள் விதவையாகிறாள். இருவரும் மறுபடி சந்திக்கிறார்கள், காதல் அப்படியே இருக்கிறது. இனி என்ன தடை? ஒன்றுமில்லை, ஆனால் நாவலாசிரியர் விதவைக்கு மாலை போட வைக்கவில்லை. தங்கை குசுமத்தை அவனுக்கு மணம் செய்து வைக்கிறாள் குமுதம். நர்மத் வாழ்க்கையில் செய்து காட்டி முப்பது ஆண்டுக்குப் பிறகு, காகிதத்தில் கூட அதைச் செய்யத் துணியவில்லை இந்த நாவலாசிரியர்! அவர் புலமை பெரிது, நாம் மறுக்கவில்லை. துணிவு போதவில்லை என்பது நம் அபிப்பிராயம்.

பன்னாலால் படேல் என்ற குடியானவர் மகன்

துணிவு வேறு இடத்திலிருந்து வந்தது. 1912-ல் ராஜஸ்தான் எல்லையில் மாண்ட்லி என்ற சிற்றூரில் பிறந்த பன்னாலால் படேல் அதிகம் படித்தவரல்ல. வறுமையால் படிப்பு நின்றது. சில்லறை வேலைகள் பல பார்த்தவர். காலேஜ் வாசலை மிதிக்காத இந்த மனிதருக்கு 1985-ஆம் ஆண்டின் ஞானபீடப் பரிசு கிடைத்தது.

1941-ல் வந்த அவருடைய 'மளேலா ஜீவ்' நாவலைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். இணைந்த உயிர்கள் என்று அர்த்தம். கோகுலாஷ்டமிச் சந்தையில் ராட்டினத்தில் கான்ஜியும் ஜீவியும் அருகருகே உட்காரும்படி நேர்கிறது. அவன் படேல், அவள் நாவிதர் வீட்டுப் பெண். ராட்டினம் சுற்றி இறங்குவதற்குள் இரண்டு மனதும் ஒன்றாகி விடுகிறது. ராட்டினத்தில் ஜாதி பார்த்து இடம் போடவில்லை போலிருக்கிறது! இறங்கிய இடத்தில் ஜாதி காத்துக் கொண்டிருந்தது. அண்ணன் குடும்பம், ஊர்ப் பேச்சு, பஞ்சாயத்து எல்லாம் கான்ஜியின் காலைக் கட்டின. அப்போது அவன் என்ன செய்தான் தெரியுமா? தன் ஊரிலேயே இருக்கும் நாவிதன் தூலாவுக்கு ஜீவியைக் கட்டி வைக்க ஏற்பாடு செய்தான். தினமும் கண்ணால் பார்த்துக் கொண்டாவது இருக்கலாம் அல்லவா?

ஜீவி அவன் வார்த்தைக்காக அந்தக் கலியாணத்துக்குத் தலை நீட்டினாள். தூலாவுக்குச் சந்தேகம் வந்தது. சந்தேகம் அடியானது. கான்ஜி பட்டணத்துக்குப் போய் விட்டான். அடி தாங்க மாட்டாமல் ஜீவி தனக்கென்று ரொட்டியில் விஷம் கலந்தாள். தெரியாமல் தூலா அதைத் தின்று செத்தான். ஜீவிக்குச் சித்தம் கலங்கியது. கடைசியில் கான்ஜி வந்து, ஊர் பார்க்க அந்தப் பைத்தியக்காரியை அழைத்துக் கொண்டு போகிறான்.

காதலன் என்று கான்ஜியை எல்லோரும் கொண்டாடுகிறார்கள். நமக்கு அவன் மீது கோபந்தான். உயர்ந்த ஜாதியில் பிறந்தவன் அவன், ஊரில் மதிப்புள்ளவன் அவன், வெளியேறிப் போய்ப் பிழைக்க வழியும் அவனுக்கிருந்தது. எல்லாப் பாரத்தையும் அவள் தலையில் ஏற்றினான். தூலாவும் பாவந்தான். பிறருடைய காதலுக்கு வேலியாக ஒரு ஏழையைக் கொண்டு வந்து நட்டார்கள். மாடு மேய்ந்த போது வேலியைத்தான் குற்றம் சொன்னார்கள். ஆனால் அவன் கை ஓங்கியதற்கு அது சமாதானமாகாது. நாவலாசிரியர் இதில் யாரையும் நியாயப்படுத்தவில்லை என்பதுதான் அவர் பெருமை. கடைசியில் கான்ஜி செய்ததை முதலிலேயே செய்திருந்தால் ஒரு உயிரும் ஒரு பெண்ணின் புத்தியும் மிஞ்சியிருக்குமே என்ற எண்ணம் படிக்கிறவனுக்குத் தானே வருகிறது. இந்தக் கதை 1956-ல் குஜராத்தி சினிமாவாயிற்று. 1996-ல் கன்னடத்தில் 'ஜனுமத ஜோடி' என்று வந்து அமோகமாக ஓடியது.

அவருடைய 'மானவினீ பவாயி' 1947-ல் வந்தது. தமிழிலும் 'வாழ்க்கை ஒரு நாடகம்' என்ற பெயரில் நேஷனல் புக் டிரஸ்ட் வெளியிட்டிருக்கிறது. காலூவுக்கும் ராஜுவுக்கும் சிறு பிராயத்திலேயே நிச்சயம் நடக்கிறது. பங்காளிப் பகையால், சித்தியின் சூழ்ச்சியால் அது முறிகிறது. அவள் வேறு வீட்டுக்கு, அவனுக்கு வேறு பெண். கூடவே வருகிறது 1899-1900 பெரும் பஞ்சம். விக்ரம சகாப்தம் 1956-ல் வந்ததால் 'சப்பனியா' என்று அங்கே இன்றும் சொல்வார்கள். ஐம்பத்தாறாம் வருஷம் என்று அர்த்தம். மாடு சாகிறது, மனிதன் சாகிறான். கௌரவத்தோடு உழுது பிழைத்தவர்கள் தர்ம தானியத்துக்கு வரிசையில் நிற்கிறார்கள். பசியை விடப் பிச்சை கொடியது என்று காலூவின் நெஞ்சு வேகிறது. விளைவித்தவன் கை ஏந்தி நிற்பதும், பூட்டிய களஞ்சியத்தின் முன்னால் ஜனம் சாவதும் இந்த நாவலில் எழுதியிருப்பது போல் வேறு இடத்தில் நாம் படித்ததில்லை. அந்தப் பஞ்சத்திலே காலூவும் ராஜுவும் ஒருவரையொருவர் காப்பாற்றுகிறார்கள். யார் யாருக்குப் புருஷன், யார் யாருக்குப் பெண்டாட்டி என்ற ஊர்க் கணக்கெல்லாம் அந்த வெயிலில் உதிர்ந்து போகிறது. சங்கப் படிப்பகம் வைத்திருக்கிற தோழர்கள் இந்தப் புத்தகம் அகப்பட்டால் வாங்கி, ஒருவர் படிக்கப் பலர் கேட்க ஏற்பாடு செய்யலாம்.

இன்னொரு கதை 'கங்கு'. இளம் விதவை. மறுமணம் வேண்டாமென்று ஒற்றைக் கையால் மகனை வளர்க்கிறாள், நிலத்தில் பாடுபடுகிறாள். ஊர் அவளை மெச்சுகிறது. மகனுக்குக் கலியாண வயது வருகிறது. கலியாணத்துக்குப் பணம் வேண்டும். பணம் யாரிடம் இருக்கிறது? மளிகைக் கடையும் வட்டித் தொழிலும் நடத்துகிற மலக்சந்திடம். கடன் கேட்கப் போன இடத்தில் ஒரு இரவு நேர்ந்து விடுகிறது. அவனும் தனியன்தான், முழுக்கக் கெட்டவனாகவும் ஆசிரியர் அவனைக் காட்டவில்லை. ஆனால் வயிறு வளர்ந்தது கங்குவுக்கு. கடைத்திண்ணையில் உட்கார்ந்து கணக்கெழுத எந்தத் தடையும் நேரவில்லை மலக்சந்துக்கு. ஊர்க்காரர்கள் கங்குவை வேறொருவனுக்குக் கட்டி வைத்து விவகாரத்தை மூடுகிறார்கள். காந்திலால் ராத்தோட் 1969-ல் இதை நல்ல சினிமாவாக எடுத்தார்.

மகன் கலியாணத்துக்கு வாங்கிய கடன்! நம் வாசகர்களில் இந்த வார்த்தையின் கனம் தெரியாதவர் யார்? பல வருஷம் பூட்டிக் காத்த மானத்தின் சாவி கடைசியில் ஈட்டிக்காரன் இடுப்பில் இருந்தது என்று அந்தக் கதை சொல்கிறது.

நிச்சயித்த கலியாணம் என்றாலே கொடுமை, காதல் என்றாலே புரட்சி என்று வாய்பாடு ஒப்பிக்கிறவர்களும் உண்டு. அவர்களுக்காக மேகாணியின் 'வேவிசாள்' நாவலைச் சொல்ல வேண்டும். நிச்சயதார்த்தம் என்பதுதான் அந்தச் சொல்லுக்கு அர்த்தம். 1939-ல் புத்தகமாக வந்தது. இரண்டு குடும்பமும் ஒரே நிலையில் இருந்தபோது சுசீலாவுக்கும் சுக்லாலுக்கும் நிச்சயம் செய்தார்கள். பிறகு பெண் வீட்டார் பம்பாயில் பணக்காரர்களாகி விட்டார்கள். பையன் வீடு கிராமத்தில் வறுமையில் கிடந்தது. பெரியப்பா நிச்சயத்தை முறிக்கப் பார்க்கிறார். சுசீலா முறிக்க மாட்டேன் என்கிறாள். அந்த ஏழைப் பையனின் நேர்மையைப் பார்த்துப் பார்த்து அவள் மனதில் அன்பு வேரூன்றி விட்டது. இங்கே பெரியவர்கள் சொன்ன சொல்லைப் பெரியவர்களே மீறுகிறார்கள், சிறியவள் காக்கிறாள். பணம் ஏறியதும் சொல் இறங்கி விட்டது என்பதை இவ்வளவு தெளிவாக யார் சொல்ல முடியும்? கலியாணத்தைப் பேசி முடித்தவர் யார் என்பதல்ல சுசீலாவின் வழக்கு. என்னைக் கேட்டீர்களா என்பதுதான்.

திரையிலே நடந்தது

1971-ல் 'ஜேசல் தோரல்' ஓடிய ஓட்டத்துக்குப் பிறகு குஜராத்தியில் நாட்டுக் கதைப் படங்கள் வரிசையாக வந்தன. தலைப்பாகை, வாள், குதிரை, ஒரு காதல். சர்க்கார் வரிச்சலுகையும் கொடுத்தது. அவற்றில் பலவற்றைப் பற்றிச் சொல்ல நமக்கு ஒன்றுமில்லை. பின்னால் ஹிந்திப் படக்காரர்கள் குஜராத்தைப் பிடித்துக் கொண்டார்கள். 1999-ல் வந்த 'ஹம் தில் தே சுகே ஸனம்' படத்தை நம் ஊர்க் கொட்டகையிலும் பார்த்திருப்பீர்கள். மாளிகை போல வீடு, ஆயிரம் விளக்கு. பெண்ணைக் கேட்காமல் கட்டி வைக்கிறார்கள். காதலனைத் தேடிக் கணவனே அழைத்துப் போகிறான். முடிவில் தாலிதான் பெரிது என்று அவள் திரும்பி வருகிறாள். கட்டி வைத்தவர்களை யாரும் ஒரு கேள்வி கேட்கவில்லை. அதே டைரக்டரின் தயாரிப்பாக 2013-14-ல் 'சரஸ்வதிசந்திரா'வும் டெலிவிஷன் தொடராக வந்தது. பட்டும் நகையுமாக மணக்கிற இந்தக் கலியாணங்களில் செலவுக் கணக்கு என்று ஒன்று வருவதே கிடையாது. கங்கு கடன் வாங்கப் போன தெரு இந்தப் படங்களில் எங்கே இருக்கிறது?

நல்ல படமும் வந்தது. அபிஷேக் ஷா எடுத்த 'ஹெல்லாரோ' 2019-ல் அகில இந்தியாவிலும் சிறந்த படம் என்ற தேசிய விருதைப் பெற்றது. 1975-ல் கச்சுப் பாலைவனத்தில் ஒரு கிராமம். கொஞ்சம் படித்த மஞ்சரியைப் பேசி முடித்து அங்கே அனுப்பி விடுகிறார்கள். ஆண்கள் மட்டுந்தான் அங்கே கர்பா ஆடலாம். பெண்கள் மைல் கணக்கில் நடந்து தண்ணீர் சுமக்கலாம். மணலில் தாகத்தால் விழுந்து கிடந்த மேளக்காரனுக்கு மஞ்சரி தண்ணீர் கொடுக்கிறாள். அவன் தட்டுகிறான், பெண்கள் ஒருவர் பின் ஒருவராகக் குடத்தை இறக்கி வைத்து விட்டு ஆடுகிறார்கள். அவன் தாழ்த்தப்பட்டவன், தன் வீட்டுப் பெண்கள் ஆடியதற்காகவே அவர்களைப் பறிகொடுத்தவன். மேகாணி தொகுத்த பாட்டுக்காரிகளின் பேத்திகள் இவர்கள் என்று நமக்குத் தோன்றியது.

இனி அந்தக் கையெழுத்து விவகாரத்துக்குத் திரும்புவோம். 2019-லும் ஒரு சங்கதி நடந்தது. பனாஸ்காண்டா மாவட்டத்தில் பன்னிரண்டு கிராமங்களைச் சேர்ந்த ஒரு சமூகத்தார் கூடித் தீர்மானம் போட்டார்கள். கலியாணமாகாத பெண்கள் கையில் செல்போன் இருக்கக் கூடாது. ஜாதி மாறி மணந்தால் குடும்பத்துக்கு அபராதம். அதே தீர்மானத்தில் கலியாணத்துக்கு வெடி வேண்டாம், ஆடம்பர வாத்தியம் வேண்டாம், வீண் செலவு வேண்டாம் என்றும் இருந்தது. இதை நாம் மனமார வரவேற்கிறோம். கடனைக் குறைப்பது நல்ல காரியம். ஆனால் செலவைக் குறைக்கிற கையோடு பெண்ணின் வாயையும் ஏன் கட்டுகிறீர்கள்?

பெற்றவர்களின் பயம் பொய்யல்ல. வயலில் கூலிக்குப் போகிற தாய்க்கு மகள் எவனிடமாவது ஏமாந்து விடுவாளோ என்ற திகில் உண்டு. ஏமாற்றுகிற காதலனும் உண்டு. கான்ஜியைப் போலத் துணிவில்லாதவனும் உண்டு. ஆனால் கையெழுத்து அதைத் தடுக்குமா? ஜீவிக்கும் தூலாவுக்கும் நடந்த கலியாணத்தில் எந்தக் கையெழுத்து குறைவாக இருந்தது? ஜாதி சம்மதித்தது, ஊர் சம்மதித்தது, முறைப்படி எல்லாம் நடந்தது. காலூ - ராஜு நிச்சயத்தை முறித்தது பிள்ளைகளா, பெரியவர்களா? லலிதாவைத் தறுதலைக்குக் கொடுத்தது யார்? பெற்றோர் சம்மதத்தோடு நடந்த கலியாணங்களின் கண்ணீரைத்தானே இந்தக் கதைகள் இவ்வளவு காலமாகச் சொல்லி வருகின்றன!

சம்மதத்தைச் சட்டமாக்கினால் அதற்கு விலை வைக்க ஆள் வருவான். பையன் வேறு ஜாதி, நிலமில்லாதவன், ஆலையில் தினக்கூலி என்றால் அந்தக் காகிதம் ஒருநாளும் வராது. பணக்காரன் வீட்டுப் பையனென்றால் கேட்பதற்கு முன் வரும். பாதிக்கப்படுகிறவர்கள் யாரென்று சொல்லத் தேவையில்லை.

ஏற்கெனவே இருக்கிற சட்டமே போதுமான முட்டுக்கட்டை போடுகிறது. வெவ்வேறு மதத்தினர் மதம் மாறாமல் மணந்து கொள்ள வழி செய்த 1954-ஆம் ஆண்டின் விசேஷ விவாகச் சட்டப்படி, கலியாணத்துக்கு முன் அதிகாரியிடம் நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அதை ஆபீசில் எல்லோர் கண்ணிலும் படும்படி ஒட்டி, ஆட்சேபத்துக்கு முப்பது நாள் இடம் விடுவார்கள். மெஹசானாவிலும் அப்படித்தான், மதுரையிலும் அப்படித்தான். ஓடி ஒளிந்து கிடக்கிற ஜோடியின் பெயரையும் விலாசத்தையும் சுவரில் ஒட்டி, தடி எடுத்து வருகிறவனுக்கு ஒரு மாதத் தவணை கொடுத்திருக்கிறார்கள். ஆராய்ச்சி செய்ய நேரமிருக்கிற மந்திரிகள் முதலில் அந்தச் சுவரைப் போய்ப் பார்க்கட்டும்.